குரலே முகமான கலைஞர்

நடிகன் ஒருவனுக்கு இறைவன் அளித்த கருவிகள் பல. முகம் ஒன்று, கை மற்றொன்று, நடை பிறிதொன்று. இவை யாவற்றையும் மறைத்துவிட்டுக் குரல் ஒன்றினாலேயே மக்கள் நெஞ்சில் இடம்பெறுதல் எல்லார்க்கும் கைகூடுவதன்று. நாள்தோறும் வானொலி நாடகங்களைக் கேட்டு மகிழும் நேயர்கள் இவ்வுண்மையை நன்கு அறிவார்கள்.

லெபனான் நாட்டு நடிகர் ஜிஹாத் அல் அத்ரஷ் அவர்கள் இவ்வருஞ் செயலைச் செய்து காட்டியவர். மேடை, வானொலி, தொலைக்காட்சி ஆகிய மூன்றிலும் பல்லாண்டுகள் உழைத்தவர். பிற்காலத்தில் தம் நாட்டுத் தொழின்முறைக் கலைஞர் சங்கத்தின் தலைவராகவும் அமர்ந்தவர். எனினும், அறபு நாடுகளெங்கும் அவர் பெயரை நிலைநிறுத்தியது அவருடைய முகம் ஒரு கணமேனும் தோன்றாத ஒரு பாத்திரமே. அவருடைய குடும்பப் பெயராகிய ‘அத்ரஷ்’ என்பதற்கு அறபு மொழியில் ‘செவிப்புலனற்றவர்’ என்பது பொருள். அப்பெயர் தாங்கிய ஒருவர் கோடிக்கணக்கான செவிகளுக்கு விருந்தளித்தமை வியப்பான பொருத்தமே.

இக்கலைஞர் வளர்ந்த சூழலை முதலில் நோக்குதல் வேண்டும். லெபனான் மிகச் சிறிய நாடு. அதன் பரப்பு 10,452 சதுர கிலோமீற்றர் மட்டுமே. ஆயினும் அச்சுத்தொழிலிலும் இசையிலும் நாடகத்திலும் அது தன் பருமனுக்கு மிஞ்சிய புகழ் பெற்றிருந்தது. தலைநகராகிய பெய்ரூத்தில் 1938இல் வானொலி தொடங்கிற்று. 1959ஆம் ஆண்டு மே மாதம் 28ஆந் திகதி தொலைக்காட்சியும் ஒளிபரப்பை ஆரம்பித்தது. இவ்விரண்டும் அந்நாட்டு இளம் நடிகர்களுக்குப் பயிற்சிக் களங்களாயின. பார்ப்பவர் இன்றிப் பேசவும், ஒலிவாங்கியின் முன் மூச்சை அளந்து விடவும், ஒரு பெருமூச்சினாலேயே ஒரு துயரத்தை உணர்த்தவும் அவர்கள் அங்கே கற்றுக்கொண்டனர்.

பெய்ரூத் நடிகர்களுக்கு இன்னொரு பயிற்சியும் தேவைப்பட்டது. தமிழில் எழுத்து வழக்கும் பேச்சு வழக்கும் வேறுபடுதல் போலவே அறபிலும் இரு வழக்குகள் உண்டு. ‘புஸ்ஹா’ எனப்படும் இலக்கிய வழக்கு எல்லா அறபு நாடுகளுக்கும் பொது. வீட்டிலும் வீதியிலும் வழங்கும் பேச்சு வழக்கோ நாட்டுக்கு நாடு மாறுவது. மொறோக்கோ நாட்டுச் சிறுவன் வீட்டில் பேசுவதை ஈராக் நாட்டுச் சிறுவன் எளிதில் விளங்கிக்கொள்ளமாட்டான். ஆதலால், ஒரு நாடகம் பல நாடுகளிலும் விலைபோக வேண்டுமாயின் அது புஸ்ஹாவில் அமைதல் நலம். இலக்கணச் சுத்தமாகவும் அதேவேளை உயிரோட்டமாகவும் அம்மொழியைப் பேசவல்ல நடிகர்கள் லெபனானில் உருவாயினர். ஜிஹாத் அல் அத்ரஷ் அவர்களுள் ஒருவர்.

இனி, அவருக்குப் புகழ் தேடித்தந்த பாத்திரத்துக்கு வருவோம். யப்பான் நாட்டின் நாகை கோ என்னும் சித்திரக் கதைஞரின் கற்பனையிற் பிறந்தது ‘கிறெண்டைசர்’ என்னும் இயங்கு சித்திரத் தொடர். 1975 ஒக்டோபர் முதல் 1977 பெப்ரவரி வரை 74 பகுதிகளாக அது யப்பானில் ஒளிபரப்பாயிற்று. பெயரைக் கேட்போர் அதனை இயந்திர மனிதர்கள் மோதும் வெறும் போர்க்கதை என்றே எண்ணுவர். ஆனால் அதன் கரு வேறு. டியூக் பிளீட் என்பவன் தொலைதூரக் கிரகம் ஒன்றின் இளவரசன். வேகா என்னும் கொடுங்கோலனின் படை அவனுடைய நாட்டைப் பாழாக்கிவிடுகின்றது. உயிர் தப்பிப் பூமிக்கு வந்த அவனை ஓர் ஆராய்ச்சியாளர் மகனாக ஏற்று, டைசுகே என்று பெயரிட்டு வளர்க்கிறார். கால்நடைப் பண்ணை ஒன்றில் அமைதியாக உழைத்து வாழும் அவன், தன்னை ஆதரித்த பூமிக்கும் அதே ஆபத்து நேரும்போது, மனமின்றியே மீண்டும் போர்க்கோலம் பூணுகிறான். சுருங்கச் சொன்னால், இது நாடிழந்த ஓர் அகதியின் கதை.

இத்தொடரை அறபு மொழிக்கு மாற்றும் பணி 1970களின் இறுதியிற் பெய்ரூத்தில் நடைபெற்றது. அக்காலம் எத்தகையது என்பதை மறத்தலாகாது. 1975 ஏப்ரல் 13ஆந் திகதி மூண்ட உள்நாட்டுப் போர் 1990 வரை நீடித்தது. நகரம் கிழக்கு, மேற்கு என இரண்டாகப் பிளந்து கிடந்தது. 1977இல் இரு தொலைக்காட்சிக் கம்பனிகள் ஒன்றிணைந்து ‘தெலெ லிபான்’ உருவானபோது, அதன் நிலையங்களுள் ஒன்று மேற்குப் பகுதியிலும் மற்றொன்று கிழக்குப் பகுதியிலும் இருந்தன. அத்தகைய நகரிலேதான் வீடிழந்த இளவரசனுக்கு ஜிஹாத் அல் அத்ரஷ் குரல் கொடுத்தார்.

குரல் மாற்றுப் பணி வெளியிலிருந்து பார்ப்போருக்கு எளிதாகத் தோன்றும். உண்மை அதுவன்று. யப்பானிய மொழியில், தமிழிற் போலவே, வினைச்சொல் வாக்கியத்தின் ஈற்றில் நிற்கும். அறபு மொழியிலோ அது பெரும்பாலும் முதலிலேயே வந்துவிடும். ஆகவே உணர்ச்சி உச்சமடையும் இடமும் சொல் முடியும் இடமும் ஒன்றோடொன்று பொருந்தா. சித்திரத்தின் வாய் திறக்கும்போது தொடங்கி, மூடும்போது நிறுத்தி, இடையில் இலக்கண ஈறுகள் ஒன்றும் சிதையாமல் உச்சரித்து, இவற்றோடு நடிப்பையும் வழங்குதல் வேண்டும். யப்பானில் அப்பாத்திரத்துக்குக் குரல் தந்தவர் தொமியாமா கெய் என்னும் தேர்ந்த கலைஞர். அவரைப் பின்பற்றி ஒலித்திருந்தால் வெறும் எதிரொலியே மிஞ்சியிருக்கும். அத்ரஷ் அவர்களோ ஆழ்ந்து கனத்த தமது குரலால் அவ்விளவரசனை ஒரு காவியத் தலைவனாகவே ஆக்கிவிட்டார். பண்ணையில் உழைக்கும் டைசுகே பேசும்போது அமைதியும் உள்ளடங்கிய துயரமும் ஒலிக்கும். போர்க்களத்தில் கட்டளையிடும்போது அதே குரல் முழங்கும். இருவரும் ஒருவரே என்பதைக் கேட்பவர் ஒருபோதும் மறப்பதில்லை. தொடரின் முகப்புப் பாடலைப் பாடியவர் 2022இல் மறைந்த லெபனான் பாடகர் சாமி கிளார்க். பாடலும் குரலும் சேர்ந்து ஒரு தலைமுறையின் நினைவாயின.

இதனால் விளைந்த நன்மை யாது? பள்ளிப்பிள்ளைக்கு இலக்கிய மொழி என்பது பெரும்பாலும் இலக்கண வகுப்பின் மொழி. பிழைக்குத் தண்டனை பெறும் மொழி. அம்மொழி, தான் போற்றும் வீரனின் வாயிலிருந்து, அன்பாகவும் கோபமாகவும் துயரமாகவும் ஒலிப்பதைக் கேட்டபோது, அது உயிருள்ளது என்பதைப் பிள்ளை தானே உணர்ந்துகொண்டது. ஆசிரியர் எத்தனை முறை எடுத்துரைத்தாலும் நிகழாத காரியம் இது. ஈராக்கிலும் குவைத்திலும் லெபனானிலும் வளர்ந்த பிள்ளைகள் ஒரே சொற்களைத் தத்தம் முற்றங்களில் முழங்கி விளையாடினர்.

சிறுவர்க்குப் போர்க்கதை ஆகுமோ என்னும் வினா எழலாம், அது நியாயமானதே. ஆனால் இக்கதையின் நாயகன் போரை விரும்புபவன் அல்லன். இறுதியில் அவன் வெற்றி முழக்கமிட்டு நிற்பதில்லை. தன் தங்கையோடு பாழான தாய்க்கிரகத்துக்குத் திரும்பிச் செல்கிறான். வீடு திரும்ப இயலாதோர் நிறைந்த ஒரு மண்ணில், திரும்பிச் செல்லும் ஒருவனின் கதை வெறும் பொழுதுபோக்காக மட்டும் இருந்திராது.

பின்னர் காலம் மாறிற்று. குழந்தைகளுக்கான குரல் மாற்றுப் பணியிற் பெரும்பகுதி டமாஸ்கஸ் நகருக்குச் சென்றது. எகிப்தியப் பேச்சு வழக்கிலும் திரைச் சித்திரங்கள் வெளிவந்தன. 2013இல் வெளியான ‘புறோஸன்’ என்னும் அமெரிக்கச் சித்திரம் புஸ்ஹாவில் வந்தபோது, குழந்தைகளுக்கு எம்மொழி உகந்தது என்ற விவாதமே மூண்டது. பேச்சு வழக்கு நெருக்கம் தரும் என்றனர் ஒரு சாரார். பொது வழக்கே பிணைக்கும் என்றனர் மறு சாரார். இரு சாராரும் நினைவிற் கொள்ளத்தக்க சான்று ஒன்றை அத்ரஷ் அவர்கள் முன்னரே தந்துவிட்டார். இலக்கிய மொழி பிள்ளைக்கு அந்நியமாவது மொழியின் குற்றமன்று. அதனை உயிரின்றிப் பேசுவோரின் குற்றமே என்பது அது.

2022இல் சவூதி அறேபியாவின் றியாத் நகரிற் கிறெண்டைசரின் உருவத்தை 33.7 மீற்றர் உயரத்தில் உலோகத்தால் நிறுவினர். யப்பானியர் வரைந்த உருவம் அது. ஆயினும் அதனை அண்ணாந்து பார்த்த நடுவயதினர் பலருடைய நெஞ்சில் ஒலித்தது பெய்ரூத்தில் ஒலிவாங்கியின் முன் நின்ற ஒரு நடிகரின் குரலே. அம்மனிதருக்கு எவரும் சிலை வைக்கவில்லை. ஆயினும் போர் தின்ற ஒரு நகரிலிருந்து தூய மொழியொன்று பிள்ளைகளின் செவிக்கு இனிமையாகச் சென்று சேர்ந்தது. கலைஞன் ஒருவனுக்கு அதனினும் பெரிய நினைவுச்சின்னம் வேண்டுவதில்லை.