கட்டிடத்தின் மேல் சுமத்திய பழி
(சங்கத்தின் ஆண்டு விழாவில் நிகழ்த்திய உரை)



இசையும் இலக்கியமும் நிறைந்த ஆண்டு விழாவில் கட்டிடக் கலையைப் பற்றிப் பேச வேண்டுமென்று செயற்குழுவினர் பணித்தபோது நாம் சற்றே தயங்கினோம். நாம் கட்டிடக் கலை பயின்றோர் அல்லோம், கட்டிடங்களில் குடியிருந்தோர். அதுவும் சர்க்கார் குவார்ட்டர்ஸில் பல்லாண்டு குடியிருந்தோர். ஆயினும் குடியிருந்தவனுக்கும் சொல்வதற்கு ஒரு செய்தி உண்டு. இக்கலையின் வரலாற்றில் அச்செய்திக்குச் செவி சாய்த்தோர் மிகச் சிலரே என்பதால் துணிந்து மேடை ஏறினோம்.

நம் காலனிக்கு முதன்முறையாக வரும் விருந்தினர் வழி தவறாமல் வந்து சேர்வது அரிது. வரிசை வரிசையாக ஒரே உயரம், ஒரே நிறம், ஒரே சன்னல். ஆனால், தமிழர் வீடு எது என்று கண்டுகொள்வது மட்டும் கடினமன்று. வாயிலில் கோலம் இருக்கும். நிலைப்படியில், காய்ந்ததாயினும், ஒரு மாவிலைத் தோரணம் தொங்கும். கட்டியவர் அவ்வீட்டுக்கு வாய் வைக்கவில்லை. நம் இல்லத்தரசிகள் வைத்தார்கள். மேல்நாட்டுக் கட்டிடக் கலைஞரிடையே சென்ற நூற்றாண்டில் எழுந்த பெரும் பூசலின் வித்தும் இதுவே. கட்டிடம் பேச வேண்டுமா, வேண்டாவா?

வேண்டா என்றது நவீனம். 1914 முதல் 1918 வரை நடந்த முதல் உலகப் போருக்குப் பின் ஐரோப்பிய நகரங்களில் வீட்டுப் பஞ்சம் தலைவிரித்தாடியது. இருட்டறையில் காசநோயோடு போராடிய தொழிலாளிக்கு வெளிச்சமும் காற்றும் குறைந்த செலவில் கிடைக்க வேண்டும் என்னும் நல்லெண்ணம் நவீனத்தின் ஊற்றுகளுள் ஒன்று. ஜெர்மனியில் 1919-இல் வால்டர் குரோப்பியஸ் நிறுவிய பௌஹவுஸ் கலைப்பள்ளியாரும், பிரான்சில் லெ கொர்பூசியேயும் இவ்வழியில் முன்னோடிகள். பூவேலை வேண்டா, போதிகை வேண்டா, சரிவான கூரையும் வேண்டா. எஃகும் கான்கிரீட்டும் கண்ணாடியும் போதும். வீடு தன் வேலையைச் செவ்வனே செய்தால் அதுவே அழகு என்பது இவர்கள் கொள்கை. மீஸ் வான் டெர் ரோ என்பாரோ குறைப்பதே நிறைப்பது என்று கருதியவர். இக்கொள்கையை இகழ்வது இன்று எளிது. காற்றோட்டமான அறையில் முதன்முதலாகக் குழந்தையைத் தூங்க வைத்த தாய் இகழ்ந்திருக்க மாட்டாள்.

ஆயினும் குடி புகுந்தோர் வாளா இருக்கவில்லை. பிரான்சின் போர்தோ நகரை அடுத்த பெசாக் என்னும் ஊரில், சர்க்கரை ஆலை முதலாளி ஒருவருக்காக 1920-களில் லெ கொர்பூசியே சுமார் 50 வீடுகள் கட்டினார். தட்டைக் கூரை, நீண்ட சன்னல், திறந்த மேல்தளம். வந்தவர்கள் நீண்ட சன்னலைக் குறுக்கினார்கள். திறந்த தளத்தை அடைத்து அறையாக்கினார்கள். தட்டைக் கூரையின்மேல் ஓட்டுக் கூரை வேய்ந்தார்கள். பிலிப் பூதோன் என்பவர் இம்மாற்றங்களை ஆராய்ந்து 1969-இல் ஒரு நூல் எழுதினார். இது நவீனத்தின் தோல்வி என்று நாம் எண்ணுவோம். அவரோ, மாற்றத்துக்கு இடங்கொடுக்கும் இயல்பு அவ்வீடுகளின் அமைப்பிலேயே இருந்தது என்று கண்டார். பால்கனியை அடைத்து ஓர் அறை கூட்டிக்கொண்டோர் இவ்வவையிலும் பலர் இருக்கிறார்கள். அவர்கள் பெயரை நாம் சொல்லப் போவதில்லை.

கட்டிடம் பேசத்தான் வேண்டும் என்று கலைஞருள்ளே ஒருவர் எழுந்தது இதற்குப் பின்னரே. ராபர்ட் வெஞ்சூரி என்னும் அமெரிக்கர், பிலடெல்பியாவில் தம் தாயாருக்கு ஒரு வீடு கட்டி 1964-இல் முடித்தார். குழந்தை வரையும் வீட்டைப் போல முக்கோண முகப்பு. ஆனால் அம்முக்கோணம் உச்சியில் பிளந்திருக்கும். உள்ளே எங்கும் போய்ச் சேராத ஒரு படிக்கட்டும் உண்டு. 1966-இல் அவர் வெளியிட்ட நூலில், மீஸின் கொள்கையை மாற்றிப் போட்டு, குறைத்தால் மிஞ்சுவது சலிப்பே என்று கேலி செய்தார். பின்நவீனக் கட்டிடக் கலைக்கு அடியெடுத்துக் கொடுத்த நூல் அது. ஆயினும் வெஞ்சூரி நவீனத்தை வெறுத்தவரல்லர். லெ கொர்பூசியேயையும் ஆல்வார் ஆல்டோவையும் அந்நூலிலேயே போற்றியிருக்கிறார். பகையைப் பெரிதாக்கியவர்கள் பின்வந்தோர்.

அவ்வாறு பெரிதாக்க உதவிய கதையைச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டியிருக்கிறது, பொறுத்தருள்க.

அமெரிக்காவில் மிசிசிப்பி ஆற்றங்கரை நகரமாகிய செயிண்ட் லூயிஸில், ஏழைகள் வாழ்ந்த நெரிசலான பகுதியை அகற்றி, 57 ஏக்கர் நிலத்தில் 33 கட்டிடங்களை எழுப்பினார்கள். ஒவ்வொன்றும் 11 மாடி. மொத்தம் ஏறத்தாழ 2,870 வீடுகள். ப்ரூயிட்-ஐகோ என்பது பெயர். வரைந்தவர் மினோரு யமாசாகி. நியூயார்க்கில் உலக வர்த்தக மையத்தின் இரட்டைக் கோபுரங்களைப் பின்னாளில் வரைந்தவரும் இவரே. 1954-இல் மக்கள் குடியேறத் தொடங்கினர். பதினெட்டே ஆண்டில், 1972 மார்ச் 16-ஆம் நாள், முதற்கட்டிடத்தை வெடி வைத்துத் தகர்த்தார்கள். 1976-க்குள் முப்பத்து மூன்றும் மண்ணாயின.

சார்லஸ் ஜென்க்ஸ் என்னும் அறிஞர் 1977-இல் வெளியிட்ட நூலில் இதனையே நவீனக் கட்டிடக் கலையின் மரணமாக அறிவித்தார். 1972 ஜூலை 15, பிற்பகல் 3 மணி 32 நிமிட அளவில் என்று, சாதகம் கணிப்பவரைப் போல நேரமும் குறித்தார். முதல் வெடி வெடித்து நான்கு மாதம் கழித்து வரும் நாள் அது! நாள் கிடக்கட்டும். மரணத்துக்குச் சொன்ன காரணமாவது பொருந்துகிறதா?

காதரின் பிரிஸ்டல் என்னும் ஆய்வாளர் 1991-இல் எழுதிய கட்டுரை இதனைத் துருவிப் பார்த்தது. யமாசாகி முதலில் விரும்பியது உயர்ந்தனவும் தாழ்ந்தனவுமாகிய கலப்புக் குடியிருப்பு. செலவு கருதி, எல்லாம் 11 மாடியாகவே இருக்க வேண்டுமென்று அதிகாரிகள் வற்புறுத்தினர். பின்னரும் சிக்கனம் தொடர்ந்தது. பூட்டும் கைப்பிடியும்கூட மட்டமானவையாக வந்தன. கட்டுவதற்கு மத்திய அரசு பணம் தந்தது. பராமரிப்புக்கோ குடியிருப்போர் தரும் வாடகையே கதி. இவ்வேளையில் நகரமே காலியாகிக்கொண்டிருந்தது. 1950-இல் 8,56,796 ஆக இருந்த செயிண்ட் லூயிஸின் மக்கள்தொகை 1970-இல் 6,22,236 ஆகக் குறைந்தது. வசதியுடையோர், பெரும்பாலும் வெள்ளையர், புறநகருக்குப் போயினர். தொழிலும் உடன் போயிற்று. வீடுகள் காலியாக, வாடகை குறைந்தது. வாடகை குறைய, பழுது பார்ப்பது நின்றது. பழுது பாராமையால் மேலும் வீடுகள் காலியாயின. உடைந்த சன்னல் வழியே பனிக்காற்று புகுந்து தண்ணீர்க் குழாய்கள் வெடித்தன. 1969-இல் குடியிருந்தோர் வாடகை தர மறுத்துக் கிளர்ச்சி செய்தார்கள். அவர்கள் கேட்டது தூணும் வளைவும் அல்ல. கட்டக்கூடிய வாடகையும் ஒழுங்கான பராமரிப்பும்.

வடிவத்துக்குப் பங்கே இல்லை என்று நாம் வாதாட வரவில்லை. லிப்ட் 1, 4, 7, 10 ஆகிய தளங்களில் மட்டுமே நிற்கும்படி அமைத்திருந்தனர். மற்றத் தளத்தார் ஆளரவமற்ற படிகளில் அஞ்சி ஏறினார்கள். அருகிலேயே இருந்த தாழ்வான மற்றொரு குடியிருப்பு, அதே போன்ற ஏழை மக்களோடு, இத்துணைச் சீரழியவில்லை என்று ஆஸ்கார் நியூமன் என்பவர் 1972-இல் எடுத்துக்காட்டினார். அது கருதத்தக்க சான்றே. ஆனால், பழி முழுவதும் தட்டைக் கூரையின் மேலும் வெற்றுச் சுவரின் மேலும் விழுந்தபோது, பணம் மறுத்தோர் கண்ணுக்குத் தெரியாமல் போயினர். அப்பழியின் மேல்தான் பின்நவீனம் தன் கொடியை நாட்டியது.

நாட்டியவர் யார் என்று பார்த்தால் வியப்பாக இருக்கும். நியூயார்க்கில் 1932-இல் கண்காட்சி நடத்தி நவீனத்தை அமெரிக்கருக்கு அறிமுகம் செய்தோருள் ஒருவர் பிலிப் ஜான்சன். அந்நகரில் 1958-இல் முடிந்த சீகிராம் மாளிகையில் மீஸுக்குத் துணை நின்றவரும் அவரே. அவர்தாம் 1984-இல், அதே நகரில், ஏ.டி. அண்டு டி. தொலைபேசி நிறுவனத்துக்கு 37 மாடிக் கட்டிடம் ஒன்றை இளஞ்சிவப்புக் கருங்கல் போர்த்தி, உச்சியில் பழங்கால மர அலமாரியின் மேல்முகடு போல ஒரு முடி சூட்டி முடித்தார். கல்லைப் பெயர்த்துப் பார்த்தால் உள்ளே சீகிராமில் இருந்த அதே எஃகுச் சட்டகம்! உடை மாறியது, உடல் மாறவில்லை. பின்நவீனத்தைப் பாதி நவீனம், பாதி பிறிதொன்று என்று ஜென்க்ஸே வரையறுத்ததும் நினைக்கத்தக்கது. மகன் தந்தைக்குச் செத்த நாள் குறித்த கதை இது.

அம்மகன் குடியிருப்போனை மறந்ததிலும் தந்தையைப் பின்பற்றினான். மைக்கேல் கிரேவ்ஸ் வரைந்து, 1982-இல் போர்ட்லாந்து நகராட்சிக்காக எழுந்த 15 மாடி அலுவலகம் பின்நவீனத்தின் புகழ்பெற்ற முகம். வண்ணமும் பொய்த் தூணுமாகத் தெருவில் போவோரைப் பார்த்து அது நன்றாகவே பேசிற்று. உள்ளே வேலை பார்த்த குமாஸ்தாக்களோ, சன்னல்கள் மிகச் சிறியவை, அறைகள் இருட்டு என்று முறையிட்டார்கள். மழைநீரும் ஒழுகியது. இறுதியில் 2017 முதல் 2020 வரை பெரும்பொருள் செலவிட்டுப் புதுப்பித்தார்கள். வெளிச்சம் தரப் புறப்பட்ட இயக்கத்தை ஊமை என்று ஏசியவர்கள், பேச்சைக் கொடுத்து வெளிச்சத்தை எடுத்துக்கொண்டார்கள் என்றால் மிகையாகாது.

நம் நாட்டில் இப்பூசல் இத்துணை முற்றவில்லை. 1990-களின் தொடக்கத்தில் ஜெய்ப்பூரில் எழுந்த ஜவஹர் கலா கேந்திரத்தில், சார்லஸ் கொரியா அந்நகரின் பழைய ஒன்பது சதுர அமைப்பையே நவீன வடிவில் வைத்தார். தந்தையும் மகனும் ஒரே கூரையின் கீழ் வாழ்வது நமக்குப் புதிதன்று.

நவீனம் இறந்ததாக மேல்நாட்டில் நாள் குறித்த அதே 1972-இல், நாம் வாழும் இத்தலைநகரின் பிரகதி மைதானத்தில் ராஜ் ரேவல் வரைந்த தேசங்களின் மண்டபம் எழுந்தது. பொறியாளர் மகேந்திர ராஜ். எஃகில் செய்யும் முப்பரிமாணச் சட்டகத்தை, எஃகு அரிதாக இருந்த காலத்தில், கான்கிரீட்டிலேயே தொழிலாளர் கைகளால் வார்த்தெடுத்த அருஞ்செயல் அது. கண்காட்சிக்குக் குழந்தைகளைத் தோளில் சுமந்து போனவர்கள் அதன் நிழலை மறந்திருக்க மாட்டார்கள். 2017 ஏப்ரலில் அதை இடித்துவிட்டார்கள். மறு ஆண்டில் நியூயார்க் நகரம், ஜான்சனின் அலமாரி முடிக் கட்டிடத்தைப் பாதுகாக்கப்பட்ட சின்னமாக அறிவித்தது.

நம் காலனிகளுக்கு வருவோம். 2016 ஜூலையில், சரோஜினி நகர், நேதாஜி நகர், நவ்ரோஜி நகர் உள்ளிட்ட 7 சர்க்கார் காலனிகளை இடித்து அடுக்கு மாடிகளாக மீண்டும் கட்ட மத்திய அமைச்சரவை ஒப்புதல் தந்தது. வீடுகள் பழையன, வீடு வேண்டுவோரோ பலர் என்பது காரணம். அதில் உண்மை உண்டு, மறுப்பதற்கில்லை. ஆனால், குவார்ட்டர்ஸ் வாழ்க்கை நமக்குத் தெரியும். சமையலறைச் சுவரில் ஈரம் ஏறுகிறதென்று எழுதிக் கொடுத்த விண்ணப்பத்துக்கு மூன்று மழைக்காலம் கழித்து ஆள் வந்து, சுவரைத் தட்டிப் பார்த்து, கட்டிடத்தின் அமைப்பே சரியில்லை, நாங்கள் என்ன செய்வது என்று சொல்லிப் போனதை நாம் கேட்டிருக்கிறோம். செயிண்ட் லூயிஸிலும் இதையே சொன்னார்கள்.

ஆகவே, புது மாடிகளின் வரைபடத்தைக் காட்ட வருவோரிடம் முகப்பில் வளைவு உண்டா, வெற்றுச் சுவரா என்று வாதாடி நேரம் போக்குவதற்குமுன், நாம் கேட்பதற்குச் சில கேள்விகள் உண்டு. லிப்ட் பழுதானால் எத்தனை நாளில் சரி செய்வீர்? அதற்கான பணம் யார் கணக்கில், எத்தனை ஆண்டுக்கு ஒதுக்கப்பட்டிருக்கிறது? அப்புறம், வாயிலில் கோலம் போட இரண்டடி இடமாவது விட்டிருக்கிறீரா? இக்கடைசிக் கேள்வியைக் கேட்கச் சொன்னவர் நம் வீட்டு அம்மையார்.