பத்திரிகையும் பொதுசன அபிப்பிராயமும்

(மன்றக் கூட்டத்தில் நிகழ்த்தப்பட்ட சொற்பொழிவு)



பொதுசன அபிப்பிராயம் மக்கள் உள்ளத்தில் தானாகவே தோன்றுவது என்று நாம் எண்ணுகின்றோம். ஆனால், நேரிற் காணாத நாடுகளையும் பேசிப் பழகாத தலைவர்களையும் பற்றி நாம் கொண்டுள்ள எண்ணங்கள் எங்கிருந்து வந்தன? பெரும்பாலும் செய்தி தருவோரிடமிருந்தே வந்தன. உலகத்தைப் பார்த்தன்று, அதனைப் பற்றி மனத்திற் பதிந்துள்ள படத்தைப் பார்த்தே மனிதர் செயற்படுகின்றனர் என்று, அமெரிக்கப் பத்திரிகையாளரான வால்ற்றர் லிப்மன் 1922ஆம் ஆண்டு வெளியிட்ட நூலில் விளக்கினார். அப்படத்தை வரைகின்ற கையின் வலிமை எத்தகையது என்பதே இன்று நாம் ஆராயப் புகும் பொருள்.

1924ஆம் ஆண்டு ஒக்ரோபர் 29ஆந் திகதி பிரித்தானியாவிற் பொதுத்தேர்தல் நடைபெற்றது. அப்பொழுது பதவியிலிருந்தது றாம்சே மக்டொனால்டின் தொழிற்கட்சி அரசாங்கம். தேர்தலுக்கு நான்கு நாட்கள் இருக்கையில், 'டெய்லி மெயில்' பத்திரிகை ஒரு கடிதத்தை வெளியிட்டது. சோவியத் தலைவர்களுள் ஒருவரான சினோவியெவ், புரட்சிக்கு ஆயத்தமாகும்படி பிரித்தானியப் பொதுவுடைமைக் கட்சிக்கு எழுதியது என்று அது சொல்லப்பட்டது. தேர்தலிலே தொழிற்கட்சி தோற்றது. அக்கடிதம் போலியானது என்றே 1999இல் பிரித்தானிய வெளிநாட்டு அலுவலகத்தின் வரலாற்றாய்வும் முடிவு செய்தது.

ஒரு பொய் ஓர் அரசாங்கத்தைக் கவிழ்த்துவிட்டது என்று உடனே முடிவு கட்டிவிடலாகாது. தொழிற்கட்சியின் ஆசனங்கள் 191இலிருந்து 151ஆகக் குறைந்தனவாயினும், அக்கட்சி பெற்ற வாக்குகள் ஏறக்குறையப் பத்து இலட்சத்தால் அதிகரித்தன. பெரிதும் வீழ்ந்தது லிபரல் கட்சியே. பொதுவுடைமை பற்றிய அச்சம் முன்னரே பலர் நெஞ்சில் இருந்தது. பத்திரிகை அவ்வச்சத்துக்கு ஒரு சான்றைக் கொடுத்தது. அதுவும், மறுமொழி கூறி மக்களைத் தெளிவிக்க நாளில்லாத வேளையிற் கொடுத்தது.

1940இல் அமெரிக்காவின் ஒகாயோ மாநிலத்தில் லாசார்ஸ்பெல்டும் அவர்தம் தோழரும் நடத்திய ஆய்வும் இதனோடு பொருந்துகின்றது. தேர்தற் பிரசாரத்தாற் கட்சி மாறியோர் மிகச் சிலரே. பெரும்பாலோர் தாம் முன்னமே கொண்ட கருத்திற் பின்னும் உறுதிப்பட்டனர். செய்தியை வாசித்தறிந்த ஒருவர் அண்டை அயலாருக்கு எடுத்துச் சொல்வதே பலரைத் தொட்டது. நம் கிராமத்து வாசிகசாலைகளில் ஒருவர் உரத்து வாசிக்கப் பலர் சூழ்ந்திருந்து கேட்ட வழக்கத்தை அறிந்த நமக்கு இது வியப்பன்று.

அவ்வாறாயின் பத்திரிகையின் பலம் எங்கேயுள்ளது? 1968இல் சப்பல் ஹில் என்னும் ஊரில் மக்கோம்ஸ், ஷோ என்னும் இருவர், யாருக்கு வாக்களிப்பதென்று துணியாத நூறு வாக்காளரை விசாரித்தனர். நாட்டின் முதன்மையான பிரச்சினைகளென அவர்கள் கூறியவை, செய்தி நிறுவனங்கள் முதன்மை கொடுத்தவற்றோடு பெரிதும் ஒத்திருந்தன. இன்னதை நினை என்று கட்டளையிடுவதிலும், எதனைப் பற்றி நினைப்பது என்று வரையறுப்பதிலேயே செய்தியின் பலம் மிகுதியாக உள்ளது. முதற்பக்கத்தில் இடம் பெறாத துயரம் பலருக்குத் துயரமாகவே தோன்றுவதில்லை.

இப்பலம் கொடியோர் கையிற் சேர்ந்தால் விளைவது யாது? 1993இல் ருவாண்டாவில் தொடங்கிய ஒரு வானொலி, துற்சி இனத்தவரைக் கரப்பான்கள் என்று நாள்தோறும் இகழ்ந்தது. 1994 ஏப்ரலிற் படுகொலை தொடங்கியதும், கொல்லப்படவேண்டியோர் சிலரின் பெயர்களையே ஒலிபரப்பியது. கொலையைத் திட்டமிட்டு நடத்தியோர் ஆட்சியாளரும் ஆயுதக் கும்பல்களுமே. ஆனால் அயலவனை அயலவன் கொல்வதைக் கடமைபோலத் தோன்றச் செய்தது அந்த வானொலி. ஏறக்குறைய நூறு நாட்களிற் பல இலட்சம் மக்கள் மாண்டனர். நம் நாட்டிலும் 2018 மார்ச்சிற் கண்டி மாவட்டத்தில் முஸ்லிம் மக்களுக்கு எதிராக வன்செயல் மூண்டபோது, முகநூல் முதலியன வழியே பகைமை பரவுகின்றதென்று அரசாங்கம் அவற்றைச் சில நாட்கள் தடைசெய்தது.

தடை ஒருநாளைய மருந்து, நோய்க்கு மருந்தன்று. எச்செய்தியை வெளியிடலாம் என்பதை ஆட்சியாளரே தீர்மானிப்பதும் பெருந் தீங்காகும். ஆகவே பொறுப்பு வாசகராகிய நம்மிடமே வந்து சேருகின்றது. நம் அச்சத்துக்கும் கோபத்துக்கும் இசைந்துவரும் செய்தியையே நாம் எளிதில் நம்புகின்றோம்; அதனையே முதலில் ஐயுறப் பழகவேண்டும். சொன்னவர் யார், அவர் எவ்வாறு அறிந்தார், யாருடைய வாக்குமூலம் விடப்பட்டுள்ளது என்று கேட்கவேண்டும். கைத்தொலைபேசியில் வந்ததை இவ்வினாக்களைக் கேளாமற் பிறருக்கு அனுப்புபவரும் பத்திரிகாசிரியரைப் போலவே பொறுப்புடையவர்.

இளைஞர்களே! இம்மன்றத்திற் கிழமைக்கு ஒரு மாலையை இதற்கென ஒதுக்குங்கள். ஒரே நாளில் வெளிவந்த தமிழ், சிங்கள, ஆங்கிலப் பத்திரிகைகளை ஒரு மேசையில் வைத்து, ஒரே நிகழ்ச்சியை அவை எவ்வாறு கூறுகின்றன என்று ஒப்பிட்டுப் பாருங்கள். சிங்களம் அறிந்தவர் அறியாதவர்க்கு வாசித்துச் சொல்லட்டும். நம் துயரத்தை அவர்கள் எவ்வாறு வாசிக்கிறார்கள் என்பதும், அவர்கள் துயரத்தை நமக்கு எவர் மறைக்கிறார் என்பதும் அங்கே விளங்கும். அவ்வாறு வாசிக்கப் பழகியவரைத் தேர்தலுக்கு முதல்நாள் வரும் ஒரு கடிதம் எளிதில் அசைத்துவிடாது.