ஓர் ஊரில் இரண்டு பள்ளிகள்



ஒரு சிற்றூரை மனத்தில் எண்ணிப் பாருங்கள். அங்கே பள்ளிக்குப் போகும் வயதில் எண்பது பிள்ளைகள். ஆனால் பள்ளிக்கூடங்களோ இரண்டு. கத்தோலிக்கக் குடும்பத்துப் பிள்ளைகள் ஒன்றுக்குப் போக வேண்டும். புராட்டஸ்டண்டு குடும்பத்துப் பிள்ளைகள் மற்றொன்றுக்குப் போக வேண்டும். இருக்கின்ற சில பிள்ளைகளையும் இப்படி இரண்டாகப் பிரித்துவிட்டால், ஒவ்வொரு பள்ளிக்கும் எத்தனை ஆசிரியர் கிடைப்பார்? ஒருவர்; மிஞ்சிப்போனால் இருவர். முதல் வகுப்புப் பிள்ளை அரிச்சுவடி படிக்க, அதே அறையில் எட்டாம் வகுப்புப் பிள்ளை கணக்குப் போட்டுக்கொண்டிருக்கும். ஓராசிரியர் பள்ளி எப்படி இருக்கும் என்பதைத் தோட்டப்புறத்துப் பெரியவர்களுக்கு நாம் விளக்கத் தேவையில்லை.

இத்தகைய ஊர்கள் ஜெர்மனியின் தென்பகுதியில், பவேரியா மாநிலத்தில், 1950களிலும் 1960களிலும் பரவலாக இருந்தன. தொழில்வளத்தில் முன்னணியில் நின்ற ஒரு நாட்டில் இப்படியா என்று வியப்புத் தோன்றலாம். அந்த நிலையை மாற்றுவதற்காகப் பல ஆண்டுகள் போராடிய ஓர் அம்மையாரைப் பற்றித்தான் இன்று பேசப் போகிறோம். அவர் பெயர் ஹில்டகார்ட் ஹம் புரூகர்.

முதலில் ஒரு செய்தியைத் தெளிவாக்கிக் கொள்வோம். கல்வி அமைச்சர் என்றால் நாடு முழுமைக்கும் ஒருவர் இருப்பார் என்று நாம் எண்ணுவது இயல்பு. ஜெர்மனியில் அப்படியில்லை. அங்கே பள்ளிக்கூடமும் பண்பாடும் மாநிலங்களின் பொறுப்பு. ஹிட்லர் ஆட்சியில் எல்லா அதிகாரமும் ஓரிடத்தில் குவிந்ததால் விளைந்த கேட்டைக் கண்டவர்கள், போருக்குப் பிறகு இந்தப் பொறுப்பை மாநிலங்களிடம் ஒப்படைத்தார்கள். ஆகவே ஒரு மாநிலத்துப் பிள்ளை படிக்கும் பாடமும் அண்டை மாநிலத்துப் பிள்ளை படிக்கும் பாடமும் வேறுபடக்கூடும். ஹெஸ்ஸன் மாநிலத்தின் 1946ஆம் ஆண்டு அரசியல் சட்டமே பள்ளிக் கட்டணம் இல்லை, பாடநூலும் இலவசம் என்று எழுதி வைத்தது. அதே ஆண்டில் எழுதப்பட்ட பவேரியாவின் அரசியல் சட்டமோ, சமயப் பிரிவுப் பள்ளிகளுக்கு முதலிடம் கொடுத்தது. இரு பிரிவினரும் கலந்து வாழும் ஊரில் பெற்றோர் விண்ணப்பித்தால் மட்டுமே பொதுப்பள்ளி.

ஹம் புரூகர் அம்மையார் 1921இல் எஸ்ஸன் நகரில் பிறந்தவர். சிறு வயதிலேயே தந்தையும் தாயும் அடுத்தடுத்துக் காலமாகிவிட்டார்கள். டிரெஸ்டன் நகரிலிருந்த பாட்டி, பிள்ளைகளை எடுத்து வளர்த்தார். அந்தப் பாட்டி யூதக் குலத்தில் பிறந்தவர். அந்த ஒரே காரணத்திற்காகப் பேத்தி, தாம் விரும்பிப் படித்த பள்ளியை விட்டு 1937இல் விலக வேண்டியதாயிற்று. 1942இல், முகாமுக்குக் கொண்டு செல்லப்படும் நிலை வந்தபோது, பாட்டி தம் உயிரைத் தாமே மாய்த்துக்கொண்டார். பேத்தி அப்போது மூனிக் பல்கலைக்கழகத்தில் வேதியியல் படித்துக்கொண்டிருந்தார். நோபல் பரிசு பெற்ற பேராசிரியர் ஹைன்ரிஷ் வீலாண்டு, இத்தகைய மாணவர்களைத் தம் ஆய்வுக்கூடத்தில் வைத்துக் காப்பாற்றியவர். அவருடைய ஆதரவினால்தான் இவர் படிப்பை முடித்து 1945இல் முனைவர் பட்டம் பெற்றார். பள்ளிக் கதவு தம் முகத்தெதிரே மூடப்பட்டதை அறிந்தவர் பிற்காலத்தில் பள்ளிக்கூடத்தையே தம் அரசியலாக எடுத்துக்கொண்டதில் வியப்பில்லை என்பது நம் எண்ணம்.

போர் முடிந்ததும் மூனிக்கில் ஒரு செய்தித்தாளில் அறிவியல் பகுதியைக் கவனித்தார். அங்கிருந்துதான் தாராளவாதக் கட்சிக்கு வந்தார். 1948இல் மூனிக் நகர மன்ற உறுப்பினர். அப்போது வயது 27. 1950இல் பவேரியச் சட்டமன்ற உறுப்பினர். பிறகு மணமும் முடிந்தது. கணவர், மாநிலத்தில் பெரும்பாலும் ஆட்சியிலிருந்த எதிர்க்கொள்கைக் கட்சியைச் சேர்ந்த நகர மன்ற உறுப்பினர்! மனைவி சட்டமன்றத்தில் எந்தக் கட்சியைக் கண்டித்தாரோ அந்தக் கட்சிக்காரரோடுதான் வீட்டில் காலை உணவு.

சட்டமன்றத்தில் அவர் திரும்பத் திரும்பக் கேட்டவை இரண்டு. தொடக்கப்பள்ளி ஆசிரியருக்கும் பல்கலைக்கழகத் தரத்தில் பயிற்சி வேண்டும் என்பது ஒன்று. பிள்ளைகளைச் சமயத்தின் பெயரால் பிரித்துச் சிறு பள்ளிகளாக்குவதை நிறுத்த வேண்டும் என்பது மற்றொன்று. போருக்குப் பின் கிழக்கிலிருந்து ஏறத்தாழ இருபது லட்சம் அகதிகள் பவேரியாவுக்கு வந்து சேர்ந்திருந்தார்கள். அதனால், முழுக்கக் கத்தோலிக்க ஊராக இருந்த இடத்திலும் புராட்டஸ்டண்டுகள் குடியேறினார்கள். புராட்டஸ்டண்டு ஊரில் கத்தோலிக்கர் குடியேறினார்கள். ஊரின் நிலை மாறியும் பள்ளி மாறவில்லை.

இதில் அடிபட்டவர்கள் யார்? பட்டணத்துப் பிள்ளைகள் அல்லர். நான்காம் வகுப்பு முடிந்ததும், பத்து வயதிலேயே, பல்கலைக்கழகத்துக்கு வழிவிடும் உயர்பள்ளிக்கு யார் போவது என்று அங்கே தீர்மானித்துவிடுவார்கள். அந்தப் பள்ளியோ பட்டணத்தில் இருக்கும். ஓராசிரியர் பள்ளியிலிருந்து அங்கே போய்ச் சேர்பவர்கள் மிகச் சிலரே. அதிலும் பெண் பிள்ளை என்றால், எப்படியும் கட்டிக்கொடுக்கப் போகிறோமே என்று வீட்டிலேயே நிறுத்திவிடுவார்கள். 1960களின் நடுவில் சமூகவியல் ஆய்வாளர்கள் இதை ஆராய்ந்து, கல்வியில் எல்லாரினும் பின்தங்கி நிற்பவள் நாட்டுப்புறத்துக் கத்தோலிக்கத் தொழிலாளியின் மகள் என்று சுட்டிக்காட்டினார்கள். அவளுக்கு அறிவு குறைவு என்று அவர்கள் சொல்லவில்லை. அவள் நின்ற இடம் அப்படி என்றார்கள். அம்மையாரும் மாநிலம் மாநிலமாகச் சென்று பள்ளிகளைப் பார்த்து, 1965இல் ஒரு நூல் வெளியிட்டார். நம் பிள்ளைகளின் செலவிலா இதெல்லாம் நடக்கிறது என்று கேட்பதுபோல் அமைந்தது அதன் தலைப்பு.

இவ்வளவு பேசுகிறவரைச் சொந்தக் கட்சியும் எப்போதும் விரும்பியதில்லை. 1962 தேர்தலில் கட்சி அவரைப் பட்டியலில் பதினேழாவது இடத்துக்குத் தள்ளிவிட்டது. ஆனால் பவேரியாவில் ஒரு நல்ல முறை உண்டு. வாக்காளர், கட்சிப் பட்டியலில் தாம் விரும்பும் ஒருவருக்கே நேராக வாக்களிக்கலாம். பெயரைத் தேடிப் பிடித்து மக்கள் வாக்களித்தார்கள். எண்ணி முடித்தபோது பதினேழாவது பெயர் முதலாவதாக வந்து நின்றது!

1966இல் அதிர்ஷ்டம் கைகொடுக்கவில்லை. மாநிலம் முழுவதும் நூற்றுக்கு ஐந்துக்குச் சற்று மேல் வாக்குப் பெற்றும், ஏதேனும் ஒரு வட்டாரத்தில் பத்து விழுக்காடு பெற வேண்டும் என்ற அன்றைய விதியினால் கட்சி சட்டமன்றத்துக்கு வெளியே நின்றது. சட்டமன்றக் கதவு மூடினால் என்ன, மக்களிடமே போவோம் என்று துணிந்தார்கள். பவேரியாவில் வாக்காளர்களில் பத்தில் ஒரு பங்கினர் கையொப்பமிட்டால் அரசியல் சட்டத்தையே மாற்றக் கோரலாம். 1967இல் பொதுப்பள்ளி கோரி அக்கட்சி கையொப்பம் திரட்டியது. பத்து விழுக்காட்டுக்குச் சிறிது குறைந்து போயிற்று. தோல்விதான். ஆனால் கிளப்பிய புழுதி அடங்கவில்லை. சமூக ஜனநாயகக் கட்சி தன் கோரிக்கையோடு வந்து, வேண்டிய கையொப்பங்களைப் பெற்றுவிட்டது. ஆளுங்கட்சியும் சும்மா இருக்க முடியாமல் தன் பங்குக்கு ஒன்றைக் கொண்டுவந்தது. முடிவில் கட்சிகள் கூடிப் பேசி ஒரு பொது வரைவை மக்கள் முன் வைத்தன. 1968 ஜூலை 7ஆம் நாள் நடந்த வாக்கெடுப்பில் நால்வரில் மூவருக்கு மேல் ஆதரித்தார்கள். சமயப் பாடம் மட்டும் தனித்தனியே. மற்றப்படி ஊர்ப் பிள்ளைகள் அனைவருக்கும் ஒரே பள்ளி. கிறிஸ்துவ நெறிப்படி கற்பிக்க வேண்டும் என்ற சொல் சட்டத்தில் நின்றது உண்மை. எல்லாரும் ஓரளவு விட்டுக்கொடுத்த முடிவு அது. ஆயினும் ஊரை இரண்டாக்கிய சுவர் இடிந்தது.

அந்த நாளில் அம்மையார் பவேரியாவில் பதவியில் இல்லை. 1967இலேயே ஹெஸ்ஸன் மாநிலம் அவரைத் தன் கல்விப் பண்பாட்டு அமைச்சின் செயலாளராக அழைத்துக்கொண்டது. அழைத்த அமைச்சர் எர்ன்ஸ்ட் ஷூட்டே வேறு கட்சிக்காரர். அங்கே சிற்றூர்ப் பள்ளிகளை இணைத்து, பல ஊர்களுக்கு நடுவே ஒரு பெரிய பள்ளி கட்டி, பிள்ளைகளைப் பஸ்ஸில் கொண்டுவரும் திட்டம் நடந்துகொண்டிருந்தது. வகுப்புக்கு ஓர் ஆசிரியர், அறிவியலுக்குத் தனி அறை என்றெல்லாம் கிடைத்தது. இதில் இழப்பு இல்லை என்று நாம் சொல்லமாட்டோம். ஆறு வயதுப் பிள்ளை விடியலில் எழுந்து பஸ்ஸுக்கு நிற்பது எளிதன்று; பள்ளி மூடப்பட்ட ஊரில் ஆசிரியர் என்று ஒரு படித்த மனிதரும் இல்லாமல் போய்விடுகிறார். ஆயினும், ஒரே அறையில் எட்டு வகுப்பு என்பதைவிட இது மேல் என்றே அன்றைய பெற்றோர் பலர் கருதினார்கள். ஐந்தாம், ஆறாம் வகுப்புகளை எல்லாருக்கும் பொதுவாக வைத்து, பத்து வயதில் செய்யும் பிரிவினையைப் பன்னிரண்டுக்குத் தள்ளும் முறையும் ஹெஸ்ஸனில் வளர்ந்தது. அதற்கு எதிர்ப்பும் கடுமையாக இருந்தது.

1969 முதல் 1972 வரை மத்திய கல்வி அமைச்சில் செயலாளர். 1970 முதல் மீண்டும் பவேரியச் சட்டமன்றம். 1976 முதல் நாடாளுமன்றம். 1994இல் நாட்டின் அதிபர் பதவிக்கும் போட்டியிட்டார், கிடைக்கவில்லை. 2002இல், கட்சியில் யூதர்களுக்கு எதிரான பேச்சு தலைதூக்கியதாகக் கருதி, ஐம்பதாண்டுக்கு மேல் இருந்த கட்சியை விட்டே வெளியேறினார். 2016 டிசம்பரில், 95ஆம் வயதில், மூனிக்கில் காலமானார்.

பவேரியாவில் சமயத்தின்படி ஊரைப் பிரித்த பள்ளிகள் போய்விட்டன. பத்து வயதுப் பிரிவினை போகவில்லை. பெர்லினிலும் பிராண்டன்பர்கிலும் ஆறாம் வகுப்பு வரை பிள்ளைகள் சேர்ந்து படிக்கிறார்கள். பெரும்பாலான மற்ற மாநிலங்களில் நான்காம் வகுப்போடு வழி பிரிகிறது. பவேரியாவில் மே மாதத் தொடக்கத்தில் நான்காம் வகுப்புப் பிள்ளையின் கையில் ஒரு சான்றிதழ் கொடுத்தனுப்புகிறார்கள். ஜெர்மன் மொழி, கணக்கு, சுற்றுப்புறப் பாடம் ஆகிய மூன்றின் சராசரி அதில் இருக்கும். பிள்ளை எந்தப் பள்ளிக்குத் தகுதி என்பதும் அதிலேயே எழுதியிருக்கும்.