படம் எடுத்தவருக்குக் கோர்ட்டில் என்ன வேலை?



லண்டனில் பிபிசிக்காரர் ஆவணப்படம் எடுத்தால், அதை மக்களிடம் கொண்டுபோகும் வேலையை நிறுவனமே பார்த்துக்கொள்ளும். நம் நாட்டு ஆவணப்பட இயக்குநர் ஆனந்த் பட்வர்த்தன் படமும் எடுக்க வேண்டும், அது டிவியில் வர வழக்கும் நடத்த வேண்டும்.

தொடக்கமே அப்படித்தான். ஜெயப்பிரகாஷ் நாராயணனின் பீகார் இயக்கத்தைப் படமாக்கினார். 1975-ல் நெருக்கடி நிலை வந்துவிட்டது. பிரிண்ட்டைத் துண்டு துண்டாக்கி, பலர் கையில் வெளிநாட்டுக்குக் கடத்தி, கனடாவில் ஒட்டிச் சேர்த்தார்கள். தணிக்கை அதிகாரி வெட்டுவதற்கு முன் அவரே வெட்டிவிட்டார்!

அயோத்தி ராமர் கோயில் பிரச்சாரத்தைப் பற்றி அவர் எடுத்த ‘ராம் கே நாம்’ பார்த்தவர்களுக்குப் பூசாரி லால்தாஸை மறக்க முடியாது. அயோத்தியில் நீதிமன்றம் நியமித்த பூசாரி அவர். அந்தப் பிரச்சாரமெல்லாம் ஓட்டுக்கும் பணத்துக்கும் நடக்கிற அரசியல் என்று, குரலை உயர்த்தாமல், கேமராவுக்கு நேராகச் சொல்கிறார். 1992 டிசம்பரில் பாபர் மசூதி இடிக்கப்பட்டது. மறு ஆண்டே லால்தாஸ் கொல்லப்பட்டார். படத்துக்குத் தேசிய விருது கொடுத்தது அரசு. ஒளிபரப்ப மறுத்தது அரசின் தூர்தர்ஷன். விருதை வீட்டில் மாட்டிக்கொள், படத்தைப் பெட்டிக்குள் வை என்பதுதானே இதற்கு அர்த்தம்? நீதிமன்றம் போய்த்தான் ஒளிபரப்ப வைத்தார்.

1995-ல் எடுத்த ‘ஃபாதர், சன் அண்ட் ஹோலி வார்’ படத்தை ஒளிபரப்பச் சொல்லி உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னபோது ஆண்டு 2006. அணுகுண்டு பற்றிய ‘வார் அண்ட் பீஸ்’ படத்தில் தணிக்கை வாரியம் 21 வெட்டு கேட்டது. ஒன்றுகூட வேண்டாம் என்று பம்பாய் உயர் நீதிமன்றம் சொல்லிவிட்டது.

நம் ஊர்க் கதைக்கு வருகிறேன். இங்கே திருவனந்தபுரத்தில் கேரள சலச்சித்ர அகாடமி ஆவணப்பட விழா நடத்துகிறது. 2018-ல் இவருக்கு வாழ்நாள் சாதனை விருது கொடுத்ததும் அதே விழாதான். அடுத்த ஆண்டு அந்த விழாவில் திரையிட அவருடைய ‘ரீசன்’ படத்துக்கு மத்திய அரசு தணிக்கை விலக்குத் தரவில்லை. கேரள உயர் நீதிமன்றம் அனுமதித்த பிறகு, அந்த நீளமான படம் இதே ஊரில் ஓடியது. தம்பானூரில் பஸ் இறங்கினால் விழா நடக்கும் கைரளி தியேட்டர் நடக்கிற தூரம். நம்மில் எத்தனை பேர் அந்த விழாப் பக்கம் போனோம்? கோபப்படாதீர்கள், என்னையும் சேர்த்துத்தான் கேட்கிறேன்.

நம் தமிழ் அமைப்பின் நிர்வாகிகளுக்கு ஒரு விண்ணப்பம். ஒரு மாதம் பட்டிமன்றம் இல்லாவிட்டால் தமிழ் ஒன்றும் குறைந்துவிடாது. அந்த ஞாயிற்றுக்கிழமை உரிய அனுமதி வாங்கி, ‘ராம் கே நாம்’ போடுங்கள். ஒன்றேகால் மணி நேரம்தான். பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு வாருங்கள்.