ஊர் கூடி எடுத்த படம்

(பண்பாட்டுப் பயிலரங்கு ஒன்றில் ஆற்றப்பட்ட உரையின் சுருக்கம்)



குறைந்த செலவில், நடிப்பைத் தொழிலாகக் கொள்ளாதவர்களை வைத்துத் திரைப்படம் எடுக்க முனையும் இளைஞர்கள் இன்று பலர். அவர்கள் அறிய வேண்டிய முன்னோடிப் படங்கள் இரண்டு உள்ளன.

முதலாவது, இந்திய மக்கள் நாடக மன்றம் 1946-இல் தயாரித்த ‘தர்த்தி கே லால்’. 1943-ஆம் ஆண்டு வங்கப் பஞ்சமே அதன் கரு. பிஜன் பட்டாச்சார்யாவின் ‘நபான்ன’ நாடகத்தையும் கிருஷன் சந்தரின் ‘அன்னதாதா’ கதையையும் தழுவி, கே.ஏ. அப்பாஸ் இயக்கினார். இயக்குநராக அவருக்கு அதுவே முதல் படம். சம்பு மித்ரா, திருப்தி மித்ரா, பல்ராஜ் சாஹ்னி ஆகியோர் நாடக மேடையிலிருந்து வந்தவர்கள். பட்டினியால் ஊரைவிட்டு நகரம் நோக்கி நடக்கும் பெருங்கூட்டத்தைக் காட்ட வேண்டும். அத்தனை பேருக்குக் கூலி கொடுக்கப் பணம் ஏது? மகாராஷ்டிரத்தின் துலே பகுதி விவசாயிகள் சங்கத்தினர் வந்து நின்றனர். வறுமையை அவர்களுக்கு எவரும் நடித்துக் காட்ட வேண்டியிருக்கவில்லை.

நடிகர் பற்றாக்குறையை அமைப்பு தீர்த்தது. வசூலை அதனால் தீர்க்க இயலவில்லை. திரையரங்குகளில் படம் வெற்றி பெறவில்லை. மன்றம் தயாரித்த படம் அது ஒன்றே.

அந்த முடிச்சை வேறு முனையிலிருந்து அவிழ்க்க முயன்றது, 1984-இல் கேரளத்தில் ஜான் ஆபிரகாமும் நண்பர்களும் தொடங்கிய ஒடேசா இயக்கம். தமிழில் ‘அக்ரஹாரத்தில் கழுதை’யைத் தந்த அதே ஜான்தான். ஊர் ஊராகச் சென்று, சாப்ளினின் ‘தி கிட்’ படத்தைத் திரையிட்டு, மக்களிடம் சிறு சிறு தொகைகளைத் திரட்டினர். அப்பணத்தில் 1986-இல் உருவானது ‘அம்ம அறியான்’. இறந்துபோன இளைஞனின் தாயிடம் செய்தி சொல்லப் புறப்படும் ஒருவனோடு, வழிநெடுக நண்பர்கள் சேர்ந்துகொண்டே போகும் கதை அது. படம் எடுக்கப்பட்ட விதமும் அதுவே. வணிகத் திரையரங்குகளை நம்பாமல், படத்தை ஊர்களுக்கே கொண்டுசென்று காட்டினர். பார்வையாளர் படப்பிடிப்புக்கு முன்பே திரண்டிருந்தனர்! ஆயினும் 1987-இல் ஜான் மறைந்தார். அதுவே அவரது இறுதிப் படமாயிற்று. தனியொருவர் தோளில் பெரிதும் தங்கும் கூட்டு முயற்சிக்கு உள்ள ஆபத்து அது.

இன்று கைப்பேசியே ஒளிப்பதிவுக் கருவி. எனினும், வேலை நாளின் கூலியை இழந்து நடிக்க வருபவருக்கு ஈடு என்ன, படத்தை எங்கே எவருக்குக் காட்டுவது என்னும் கேள்விகள் மலிவாகிவிடவில்லை. படப்பிடிப்பு நாளைக் குறிக்குமுன் இவற்றுக்கு விடை காணுங்கள். சங்க அலுவலகங்களும் நூலகங்களும் மாணவர் விடுதிகளும் நமக்கு உண்டு. அவற்றின் சுவர்களே முதல் திரையாகட்டும்.