திண்ணை போயிற்று, ஜாதி போயிற்றா?

(நீடாமங்கலம் வட்டாரத்துக் கிராமமொன்றில், வாசகசாலை இளைஞர்கள் கூட்டிய கூட்டத்தில் ஆற்றிய சொற்பொழிவு)



இன்று நான் பேசவேண்டிய விஷயம் இன்னதென்று உங்கள் வாசகசாலைத் தோழர்கள் முன்னதாகவே எழுதியிருந்தார்கள். "நம் ஊர்ப் பிள்ளைகள் ராத்திரியானால் செல்போனைக் கையில் வைத்துக்கொண்டு சதுரங்கமும் லூடோவும் ஆடுகிறார்கள். ஒருவன் இங்கே இருக்கிறான், ஒருவன் சிங்கப்பூரில் இருக்கிறான், இன்னொருவன் துபாயில் இருக்கிறான். இது நல்லதா கெட்டதா என்று ஊரில் தர்க்கமாயிருக்கிறது. வந்து சொல்லவேண்டும்" என்பதாகக் கேட்டிருந்தார்கள்.

ஆட்டத்தைப் பற்றிப் பேசுவதற்கும் ஒரு கூட்டமா என்று பெரியவர்கள் சிலர் சிரிக்கக்கூடும். ஆனால் யோசித்துப் பாருங்கள். வேலை செய்கிற இடத்தில் நம் பக்கத்தில் நிற்கிறவனை முதலாளி பொறுக்குகிறான். விளையாடுகிற இடத்தில் நம் எதிரில் உட்காருகிறவனை நாமே பொறுக்குகிறோம். ஆகையால் ஒருவனுடைய மனது எப்படிப்பட்டது என்று தெரியவேண்டுமானால் அவன் யாரோடு விளையாடுகிறான் என்று பார்த்தால் போதும்.

முதலாவதாக, இது ஏதோ கலிகாலத்தில் புதிதாய் முளைத்த கெடுதல் என்று யாரும் பயப்படவேண்டாம். எதிரில் இல்லாத ஆளோடு பலகை ஆட்டம் ஆடுவது பழைய காரியம். மேல்நாட்டில் தபால் கார்டில் ஒரு காயின் நகர்வை எழுதி அனுப்பிவிட்டு, பதில் வருகிற வரையில் காத்திருந்து சதுரங்கம் ஆடினார்கள். 1897-ல் இங்கிலாந்துப் பார்லிமெண்டின் காமன்ஸ் சபைக்காரர்களும் அமெரிக்கப் பிரதிநிதிகள் சபைக்காரர்களும் கடலுக்கடியில் போட்ட தந்திக் கம்பி வழியாகச் சதுரங்கம் ஆடி, வெற்றி தோல்வியில்லாமல் முடித்துக்கொண்டார்கள். 1945 செப்டம்பரில், உலக யுத்தம் முடிந்த கையோடு, ரஷ்யரும் அமெரிக்கரும் ரேடியோ வழியாக ஆடினார்கள். பதினைந்தரைக்கு நாலரை என்ற கணக்கில் ரஷ்யர்கள் ஜெயித்தார்கள். தபாலும் தந்தியும் ரேடியோவும் செய்த வேலையை இன்று செல்போன் இன்னும் விரைவாகச் செய்கிறது, அவ்வளவுதான். சிங்கப்பூரில் கட்டட வேலை முடிந்து வந்த மன்னார்குடிப் பையன், படுக்கப் போவதற்கு முன் ஊரிலிருக்கிற தன் சிநேகிதனோடு ஒரு ஆட்டம் ஆடுகிறான் என்றால் அதில் என்ன குற்றம்? தனியே கிடந்து ஏங்குவதைவிட அது எவ்வளவோ மேலல்லவா?

இனி நம்முடைய பழைய ஆட்டத்தைப் பார்ப்போம். "அந்தக் காலத்தில் திண்ணையில் உட்கார்ந்து ஆடினோம், ஒற்றுமையாயிருந்தோம், இந்த போன் வந்து எல்லாம் கெட்டது" என்று ஒரு பல்லவி பாடுகிறார்களே, அந்தத் திண்ணை யாருடைய திண்ணை? அதில் ஏறுவதற்கு யாருக்குப் பாத்தியதை இருந்தது? மிராசுதார் வீட்டுத் திண்ணையில் பண்ணையாள் ஏறித் தாயக்கட்டை உருட்டியதுண்டா? அக்கிரகாரத்துத் திண்ணையில் சேரிப் பிள்ளை உட்கார்ந்து சதுரங்கக் காயைத் தொட்டதுண்டா? கோவில் மண்டபத்துக் கல்லிலே ஆடுபுலிக் கட்டம் கீறி வைத்திருக்கிறார்களே, அந்த மண்டபத்துக்குள் நுழையவே முடியாதவன் அந்தக் கட்டத்தில் எப்படி ஆடியிருப்பான்?

அதிக தூரம் போகவேண்டாம். இதே நீடாமங்கலத்தில் 1937 டிசம்பரில் காங்கிரஸ் மாநாடு ஒன்று நடந்தது. அங்கே எல்லோரோடும் ஒரே பந்தியில் உட்கார்ந்து சாப்பிட்டார்கள் என்ற குற்றத்துக்காக ஆதிதிராவிடத் தோழர்களைப் பிடித்து அடித்து, தலையை மொட்டையடித்து, சாணிப்பால் புகட்டினார்கள். பக்கத்தில் உட்கார்ந்து சோறு தின்றதற்கே இந்தத் தண்டனை என்றால், எதிரில் உட்கார்ந்து "உன் ராஜாவுக்குச் செக்" என்று சொல்லியிருந்தால் என்ன செய்திருப்பார்கள் என்பதை நீங்களே எண்ணிப் பாருங்கள்.

அதே நீடாமங்கலத்திலிருந்து மன்னார்குடி போகிற வழியில் பூவனூர் இருக்கிறது. அங்கேயிருக்கிற சாமிக்குச் சதுரங்க வல்லபநாதர் என்று பெயர். ஒரு ராஜகுமாரி சதுரங்கத்தில் மகா கெட்டிக்காரியாம். அவளை ஜெயிக்கிறவனுக்கே அவளைக் கட்டிக் கொடுப்பதாகத் தகப்பன் சொன்னானாம். ஆண்பிள்ளை எவனாலும் முடியவில்லையாம். கடைசியில் பரமசிவனே கிழவன் வேஷம் போட்டுக்கொண்டு வந்து ஆடி ஜெயித்துக் கட்டிக்கொண்டானாம். 2022-ல் மாமல்லபுரத்தில் சதுரங்க ஒலிம்பியாட் நடந்தபோது பிரதம மந்திரி கூட இந்தக் கோவிலைப் பெருமையாக எடுத்துச் சொன்னார்.

தோழர்களே! இந்தக் கதையை நம்பச் சொல்லி நான் சொல்லவில்லை. கதை கட்டியவனுடைய மனதைப் பார்க்கச் சொல்லுகிறேன். பெண்ணுக்குப் புத்தி இருக்கிறதென்று அவனே ஒப்புக்கொள்ளுகிறான். அவளை ஜெயிக்க மனிதனால் ஆகாது, கடவுள்தான் வரவேண்டும் என்றும் ஒப்புக்கொள்ளுகிறான். ஆனால் அவ்வளவு புத்திக்கும் முடிவு என்ன? தோற்றவுடனே கல்யாணம். அதற்குப் பிறகு அவள் காயைத் தொட்டதாகக் கதையில் ஒரு வார்த்தையும் காணோம். கடவுளும் கிழவன் வேஷத்தில் ஏமாற்றித்தான் ஆடவேண்டியிருந்தது. மேலும், கடவுள் உட்கார்ந்து ஆடிய ஊர் என்று சொல்லுகிற ஊருக்குப் பக்கத்திலேயே மனிதன் மனிதனோடு உட்கார்ந்ததற்காக மொட்டையடிக்கப்பட்டான் என்றால், அந்தக் கடவுளின் ஆட்டத்தால் யாருக்கு என்ன பிரயோஜனம் என்று கேட்கிறேன்.

செல்போன் இதற்கு நேர்மாறாக என்ன செய்தது? அது ஜாதி கேட்பதில்லை. திண்ணையில் ஏறு, இறங்கு என்று சொல்லுவதில்லை. இவள் தீட்டு, இவன் தீண்டாதவன் என்று அதற்குத் தெரியாது. 2010-ல் ஒரு பிரெஞ்சுக்காரர் ஆரம்பித்த லிச்செஸ் என்ற சதுரங்கத் தளம் இருக்கிறது. கட்டணமில்லை, விளம்பரமில்லை, விருப்பமுள்ளவர்கள் கொடுக்கிற நன்கொடையில் நடக்கிறது. சேரியிலிருக்கிற பிள்ளையும் அதில் நுழையலாம், சீமையிலிருக்கிற பிரபுவும் நுழையலாம். இருவருக்கும் பதினாறு காய்தான்.

இதனுடைய அருமை தெரியவேண்டுமானால் பஞ்சாபிலிருந்து போன மீர் சுல்தான்கானை நினைத்துப் பாருங்கள். 1929, 1932, 1933 ஆகிய மூன்று தடவை இங்கிலாந்தின் சதுரங்கச் சாம்பியனாக வந்தவர் அவர். ஒரு பெரிய நிலப்பிரபுவின் ஆதரவில் கப்பலேறினார். அந்தப் பிரபு ஊர் திரும்பியபோது இவரும் திரும்பினார். அதோடு ஐரோப்பியப் போட்டிகளெல்லாம் முடிந்துபோயின. சர்வதேசச் சதுரங்க சம்மேளனம் அவருக்குக் கௌரவ கிராண்ட் மாஸ்டர் பட்டம் கொடுத்தது 2024-ல். அதற்குள் அவர் செத்து ஏறக்குறைய 58 வருஷமாகியிருந்தது. இன்றைக்கு ஒரு ஏழைப் பிள்ளை உலகத்தோடு ஆடிப் பழகுவதற்கு எந்தப் பிரபுவின் கப்பல் டிக்கெட்டும் வேண்டியதில்லை.

2020-ல் கொரோனா வந்து ஊரெல்லாம் அடைத்துக் கிடந்தபோது சதுரங்க ஒலிம்பியாடையே இண்டர்நெட்டில் நடத்தினார்கள். ஒரு அணிக்கு ஆறு பலகை. அதில் மூன்று பலகை பெண்களுக்கு. நம் மாயவரத்தில் 1969-ல் பிறந்த விசுவநாதன் ஆனந்தும் அந்த அணியில் இருந்தார். திவ்யா தேஷ்முக் என்ற பதினாலு வயதுச் சிறுமியும் இருந்தாள். ஆகஸ்டு 30-ந் தேதி ரஷ்யாவோடு கடைசி ஆட்டம் நடக்கும்போது, உலகத்தில் பல இடங்களில் இண்டர்நெட் தடைப்பட்டு, அந்தச் சிறுமிக்கும் நிஹால் சரினுக்கும் தொடர்பு அறுந்து நேரம் தீர்ந்துபோயிற்று. அப்போது யாரும் ராகுகாலம் பார்க்கவில்லை, திருஷ்டி சுற்றவில்லை. காரணம் என்னவென்று விசாரித்தார்கள். தவறு ஆடினவர்களுடையதல்லவென்று கண்டு, இரண்டு தேசத்துக்கும் தங்கப் பதக்கம் என்று தீர்ப்புச் சொன்னார்கள். அந்தத் திவ்யாவே 2025-ல் பெண்கள் உலகக் கோப்பையை ஜெயித்தாள். அவள் ஜெயித்தாள், ஆனால் ஆட்டம் நிற்கவில்லை. பூவனூர்க் கதைக்கும் இதற்கும் உள்ள வித்தியாசத்தைத் தாய்மார்கள் கவனிக்கவேண்டும்.

இவ்வளவும் கருவியின் பெருமை. இனி நம்முடைய சிறுமையைச் சொல்லவேண்டும்.

கருவி ஜாதி கேட்பதில்லை என்றேன். அது கேட்காவிட்டாலும் நாமே வலியப் போய்ச் சொல்லுகிறோமே, அதற்கு என்ன சொல்லுவது? ஆட்டத்துக்குள் நுழைய ஒரு பெயர் வைத்துக்கொள் என்றால், நம் பிள்ளைகளில் சிலர் தங்கள் ஜாதிப் பட்டத்தை வைத்துக்கொள்ளுகிறார்கள். ஜாதிச் சங்கத்துக் கொடியைப் படமாகப் போட்டுக்கொள்ளுகிறார்கள். ஒரு தெருப் பிள்ளைகள் மாத்திரம் சேர்ந்து ஒரு வாட்ஸ்அப் குழு வைத்துக்கொண்டு, அதற்குள்ளேயே லூடோ ஆடுகிறார்கள். பிரேசில் தேசத்தான் ஒருவனோடு முகந்தெரியாமல் ஆடுகிறான். நாலு வயலுக்கு அப்பால் குடியிருக்கிற, ஒரே பள்ளிக்கூடத்தில் ஒரே பெஞ்சில் உட்கார்ந்து படித்தவனை ஆட்டத்துக்குக் கூப்பிடமாட்டான்! உலகத்தையே கையில் கொடுத்தால், அதற்குள்ளும் ஒரு அக்கிரகாரத்தையும் ஒரு சேரியையும் கட்டிக்கொள்ளுகிற புத்தியை என்னவென்பது? பள்ளிப் பிள்ளைகள் கையில் ஜாதிக் கயிறு கட்டுவதைத் தடுக்கவேண்டுமென்று நீதிபதி சந்துரு 2024-ல் சர்க்காருக்கு அறிக்கை கொடுத்தார். கயிற்றைச் சட்டத்தால் அறுக்கலாம். செல்போனிலிருக்கிற சிநேகிதர் ஜாப்தாவை எந்தச் சட்டம் திருத்தும்? அதை நீங்கள்தான் திருத்தவேண்டும்.

ஆகவே இந்தக் கூட்டத்திலிருக்கிற ஒவ்வொரு இளைஞரையும் கேட்கிறேன். இன்றிரவு வீட்டுக்குப் போனவுடன் அந்த ஜாப்தாவை எடுத்துப் பாருங்கள். எத்தனை பேர் உங்கள் தெருவைத் தாண்டியவர்கள்? எத்தனை பேர் பெண்கள்? உங்கள் சொந்தத் தங்கை அதில் இருக்கிறாளா? தங்கை கையில் போனைக் கண்டால் பிடுங்குகிறோம். தம்பி கையில் கண்டால் ரீசார்ஜ் செய்கிறோம். பாட்டி காலத்தில் பதினாலு குழிப் பல்லாங்குழியை உள்கட்டில் வைத்துப் பெண்களுக்கென்று ஒதுக்கினார்கள். இன்று ஆட்டமே அவளுக்கு வேண்டாமென்கிறோம். இதுதானா முன்னேற்றம்?

மற்றொரு விஷயம் கட்டையைப் பற்றியது. வைகுண்ட ஏகாதசி ராத்திரி கண்விழித்துப் பரமபதம் ஆடி, ஏணியில் ஏறினால் புண்ணியம், பாம்பில் இறங்கினால் பாவம் என்று பழக்கப்பட்டவர்கள் நாம். அந்தப் புத்தி லூடோவிலும் தொடர்ந்து வருகிறது. ஆறு விழாவிட்டால் "எனக்கு இன்றைக்கு ராசியில்லை, சனி பிடித்திருக்கிறது" என்கிறான். ஆறு முகமுள்ள கட்டையில் ஒரு முகம் விழுவதற்கு ஆறில் ஒரு பங்குதான் இடமுண்டு. நூறு பேர் ஆளுக்குப் பத்துத் தடவை உருட்டினால், சுமார் பதினாறு பேருக்குப் பத்துத் தடவையிலும் ஒரு ஆறு கூட விழாது. இது கணக்கு. அந்தப் பதினாறு பேருடைய ஜாதகத்தையும் சேர்த்துக் கட்டினாலும் இந்தக் கணக்கு மாறாது. கட்டைக்குப் போன தடவை என்ன விழுந்ததென்ற ஞாபகமே கிடையாது. அதற்கு உன் நட்சத்திரம் எப்படித் தெரியும்?

இந்த ராசி நம்பிக்கையை வைத்துத்தான் பணம் பறிக்கிறவன் பிழைக்கிறான். "இதுவரை விழவில்லை, இனி விழும்" என்று நம்புகிறவன்தான் நகையை அடகு வைத்து ஆடுகிறான். பணம் வைத்து ஆடுவதைத் தடுக்கத் தமிழ்நாட்டுச் சட்டசபை 2022 அக்டோபரில் சட்டம் செய்தது. ஆளுநர் நாலு மாதத்துக்கு மேல் வைத்திருந்து திருப்பியனுப்பினார். சட்டசபை மறுபடியும் நிறைவேற்றிய பிறகு 2023 ஏப்ரலில் ஒப்புதல் வந்தது. 2025 ஆகஸ்டில் பணம் கட்டி ஆடும் ஆன்லைன் ஆட்டங்களைத் தடுக்கப் பார்லிமெண்டும் ஒரு சட்டம் இயற்றியது. சட்டம் இருந்தாலும் வேறு வேஷத்தில் அழைப்பு வரும். ஒன்றை நினைவில் வையுங்கள்: சிநேகிதனோடு ஆடுகிற ஆட்டத்தில் தோற்றால் நாளைக்கு மறுபடி ஆடலாம். பணம் வைத்த ஆட்டத்தில் தோற்றால் சிநேகிதனும் போவான், குறுவைக்கு வைத்திருந்த விதைநெல்லும் போகும்.

பெற்றோர்களுக்கும் ஒரு வார்த்தை. போனைப் பிடுங்குவதால் பயனில்லை. நேரத்துக்கு அளவு வையுங்கள். யாரோடு ஆடுகிறான் என்று கேளுங்கள். ஒரு நாளைக்கு நீங்களும் எதிரில் உட்கார்ந்து ஆடுங்கள்.

நம் நாட்டு ஆடுபுலி ஆட்டத்தில் புலி மூன்று, ஆடு பதினைந்து. தனித்தனியாக நிற்கிற ஆட்டைப் புலி தாண்டித் தின்றுவிடும். ஆடுகள் ஒன்றையொன்று ஒட்டி நின்றால் தாண்ட இடமில்லாமல் புலி அடைபட்டுப்போகும். இதை நம் பாட்டன்மார் மண்ணில் கோடு கிழித்து ஆடினார்கள். ஆனால் எழுந்துபோகும்போது ஆடுகள் தெருவாரியாகப் பிரிந்து போயின. நீங்கள் அப்படிப் போகவேண்டாம். இந்த வாசகசாலையில் இந்த வாரமே ஒரு குழு ஆரம்பியுங்கள். அதில் எல்லாத் தெருவும் இருக்கட்டும். பெண்பிள்ளைகள் சரிபாதி இருக்கட்டும். ஜாதிப் பெயரும் பந்தயப் பணமும் இல்லாமலிருக்கட்டும். வெளிநாட்டிலிருக்கிற பிள்ளைகளையும் அதிலே சேருங்கள். பிறகு ஞாயிற்றுக்கிழமை தோறும் இந்தக் கட்டடத்துத் திண்ணையிலேயே பலகையைப் போட்டு, போனில் ஆடினவர்கள் நேரிலும் உட்கார்ந்து ஆடுங்கள். எதிரே உட்கார யாராவது கூசினால், கூச்சம் யாருக்கு, எதனால் என்று அந்த இடத்திலேயே கேளுங்கள்.

நான் சொன்னதில் தப்பிருக்கிறதென்று நினைக்கிறவர்கள் கூட்டம் முடிந்ததும் மேடைக்கு வந்து கேட்கலாம். பதில் சொல்லிவிட்டுத்தான் பஸ் ஏறுவேன்.