இடுப்பில் ஒரு பை: சிறுநீர்ப்பையை எடுத்த பிறகு

(அரியூர் நாட்டில் ஒரு மருத்துவ முகாமில் பேசியதன் எழுத்து வடிவம்)

நான் டாக்டர் இல்லை. கொஞ்சம் மிளகும் காப்பியும் வைத்திருக்கிற விவசாயி. தொப்புளுக்கு வலப்பக்கம், சட்டைக்குள்ளே ஒரு பை ஒட்டியிருக்கிறது. நான் பேச ஆரம்பித்ததிலிருந்து அதில் சிறுநீர் இறங்கிக்கொண்டுதான் இருக்கிறது. உங்களில் யாருக்காவது தெரிந்ததா? வாடை வந்ததா? இல்லைதானே.

எனக்கு வந்தது சிறுநீர்ப்பைப் புற்றுநோய். முதலில் சிறுநீர் சிவப்பாகப் போச்சு. வலியே கிடையாது. இரண்டு நாளில் தானாக நின்றுவிட்டது. உடம்புச் சூடுன்னு மோர் குடிச்சேன். நாலு மாசம் கழிச்சு மறுபடி வந்துச்சு, மறுபடியும் மோர். வலியில்லாமல் வந்து தானே நிற்பதுதான் இந்த நோயில் வழக்கமாம். ஒரே ஒரு தடவை பார்த்தாலும் ஆரம்ப சுகாதார நிலையத்தில் சொல்லிவிடுங்கள். பீடி, சிகரெட் பிடிப்பவர்கள் கட்டாயம் சொல்லுங்கள். “புகை நுரையீரலுக்குத்தானே போகுது?” என்று நான் டாக்டரிடம் வாதம் வேறு செய்தேன். அந்த நஞ்சை ரத்தத்திலிருந்து வடித்து, சிறுநீரகம் அனுப்பி வைக்கிற இடமே சிறுநீர்ப்பைதான் என்றார்.

கட்டி தசைவரை இறங்கிவிட்டதால் சிறுநீர்ப்பையையே எடுத்துவிட்டார்கள். சிறுகுடலில் ஒரு சாணுக்குக் கொஞ்சம் குறைவாக வெட்டி, சிறுநீரகக் குழாய்கள் இரண்டையும் அதில் இணைத்து, மறுமுனையை வயிற்றில் வெளியே கொண்டுவந்து தைப்பார்கள். 1950-ல் யூஜின் பிரிக்கர் என்ற அமெரிக்க டாக்டர் விவரித்த முறை. இன்றும் உலகம் முழுக்கச் செய்கிறார்கள். அந்தத் துவாரத்துக்கு ஸ்டோமா என்று பெயர். உதட்டின் உட்புறம் மாதிரி சிவப்பாக, ஈரமாக இருக்கும், தொட்டால் வலிக்காது. சிறுநீரை அடக்க முடியாது. அதனால்தான் பை.

செலவைப் பார்த்துப் பயந்து சிகிச்சையைத் தள்ளிப்போடாதீர்கள். ஆண்டு வருமானம் 1,20,000 ரூபாய்க்குள் இருந்தால் முதலமைச்சரின் விரிவான மருத்துவக் காப்பீட்டில் சேரலாம். குடும்பத்துக்கு ஆண்டுக்கு 5 லட்சம் வரை. வருமானச் சான்றை இ-சேவை மையத்தில் வாங்கி, குடும்ப அட்டை, ஆதாரோடு ஆட்சியர் அலுவலகக் காப்பீட்டு மையத்துக்குப் போங்கள். சந்தேகத்துக்கு 1800 425 3993, கட்டணம் இல்லை.

ஆனால் ஆபரேஷனுக்கு முன்னாலேயே இரண்டு கேள்வி கேளுங்கள். நான் கேட்காமல் விட்டவை இவை.

ஒன்று, ஸ்டோமா எங்கே வரும்? முதல் நாளே உங்களை நிற்க, உட்கார, குந்த, குனிய வைத்துப் பார்த்து, பேனாவால் குறி வைக்க வேண்டும். எனக்கு யாரும் வைக்கவில்லை. சரியாக வேட்டி கட்டுகிற மடிப்பில் வந்துவிட்டது. களை எடுக்கக் குந்தினால் ஒட்டு விலகும். ஒருதரம் பஸ்ஸில் காரவள்ளிக்கு இறங்கும்போது, 70 கொண்டை ஊசி வளைவில் பாதி தாண்டுவதற்குள் வேட்டி நனைந்துபோச்சு. பக்கத்து சீட் அம்மா தண்ணி பாட்டில் கொட்டிடுச்சுன்னு நினைச்சாங்க. நானும் ஆமான்னு சொல்லிட்டேன். அதுக்கப்புறம் மூணு மாசம் வீட்டை விட்டு இறங்கலை. பிறகு ஒரு சிஸ்டர்தான் பெல்ட் போடவும், மடிப்பை நிரவப் பசை வைக்கவும் சொல்லிக்கொடுத்தார். இப்போது வேட்டியைப் பைக்கு மேலே ஏற்றிக் கட்டுகிறேன்.

இரண்டாவது, பை எங்கே கிடைக்கும், யார் தருவார்கள்? ஒரு பை 3 முதல் 5 நாள் தாங்கும், ஆயுசுக்கும் தேவை. 2016-ம் ஆண்டு மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டத்தின் 21 வகைகளில் ஸ்டோமா தனி வகையாக இல்லை. பையை மட்டும் காட்டி அடையாள அட்டை வாங்க முடியாது. மக்களைத் தேடி மருத்துவத்தில், வயிற்று வழி டயாலிசிஸ் செய்பவர்களுக்குப் பைகளை வீட்டுக்கே கொண்டுவந்து தருகிறார்கள். எங்களுக்கும் அப்படி வர வேண்டும் என்று கிராம சபையில் எழுதிக் கொடுத்திருக்கிறேன். உங்கள் ஊரிலும் கொடுங்கள். பத்துப் பேர் கேட்டால்தான் காதில் விழும்.

பை மாற்ற நல்ல நேரம் விடிகாலை, காப்பி குடிப்பதற்கு முன்னால். அப்போது ஒழுக்கு குறைவு. வெறும் தண்ணீரில் கழுவி நன்றாகத் துடையுங்கள். தேங்காய் எண்ணெய், மஞ்சள் எதுவும் தடவாதீர்கள், ஒட்டாது. மார்கழிக் குளிரில் இங்கே பசை விறைத்துப்போகும். ஒட்டு வில்லையைக் கொஞ்ச நேரம் அக்குளில் வைத்துச் சூடாக்கி ஒட்டுங்கள். முதல் இரண்டு மாதம் ஸ்டோமா சுருங்கிக்கொண்டே வரும், அளவைத் திரும்பத் திரும்பப் பாருங்கள். பை பாதி நிரம்புவதற்குள் காலி செய்யுங்கள். ராத்திரிக்குப் பெரிய பையைக் குழாயில் மாட்டிக்கொண்டால் தூக்கம் கெடாது. சிறுநீரில் சளி மாதிரி இழை வந்தால் பயம் வேண்டாம், குடல் எப்போதும் அதைச் சுரக்கும்.

இன்னொன்று. சோதனைக்குப் பையிலிருந்து சிறுநீர் பிடித்துக் கொடுக்காதீர்கள். அதில் கிருமி இருக்கத்தான் செய்யும், வீணாக மாத்திரை எழுதுவார்கள். புதிய பை மாற்றும்போதோ, ஸ்டோமாவுக்குள் சிறு குழாய் விட்டோ எடுக்கச் சொல்லுங்கள்.

குளிர்காய்ச்சலோடு விலாவில் வலி, சில மணி நேரமாகச் சிறுநீரே இறங்கவில்லை, ஸ்டோமா கருத்துப்போச்சு, இதில் எது வந்தாலும் காத்திருக்காமல் 108-ஐக் கூப்பிடுங்கள்.

டிஸ்சார்ஜ் தாளையும் பைப் பெட்டியின் அளவு லேபிளையும் போனில் படம் எடுத்து வையுங்கள். மலையில் சிக்னல் இல்லாத இடத்திலும் திறந்து காட்டலாம். சில சமயம் ஸ்டோமாவையே படம் எடுத்து சிஸ்டருக்கு அனுப்புவேன். “நல்லாத்தான் இருக்கு, போய் வேலையைப் பாருங்க அண்ணா” என்று பதில் வரும். அந்தப் பதிலுக்காகவே ஒருமுறை செம்மேடு வரை நடந்திருக்கிறேன்.

பையைப் பார்க்கணும்னு நினைக்கிறவங்க, கேக்கத் தயங்குறவங்க, வெளியே பலா மரத்தடியில் இருப்பேன், வாங்க.